தலைமேல் வைத்த ஓலை

அரசர்கள் எழுதிய கடிதங்களின் கதை, அவற்றைப் பெற்றவர்கள் பக்கமிருந்து

நாகப்பட்டினத்தை அடுத்த ஆனைமங்கலம். கி.பி. 1006-ஐ ஒட்டிய காலம். தஞ்சாவூரிலிருந்து ஓலை வருகிறது என்று தெரிந்ததும் நாட்டார் திரண்டுவிட்டார்கள். உட்கார்ந்த இடத்தில் இருந்துகொண்டு கை நீட்டி வாங்கவில்லை. எழுந்து எதிர்கொண்டு போனார்கள், கும்பிட்டார்கள், வாங்கித் தலைமேல் வைத்துக்கொண்டார்கள். அதற்குப் பிறகுதான் பிரித்துப் படித்தார்கள்.

வந்தது ராஜராஜன் இல்லை, பனையோலை. ஆனால் அந்த ஓலைக்குப் பெயரே 'திருமுகம்'. அரசன் தன் முகத்தை ஊர் ஊராகக் கொண்டுபோக முடியாது. அதனால் முகத்துக்குப் பதில் ஓலை போனது. முகத்துக்குச் செய்யும் மரியாதையை ஓலைக்குச் செய்தார்கள்.

படித்து முடித்ததும் வேலை தொடங்கியது. ஒரு பெண் யானையை ஓட்டிக்கொண்டு நிலத்தின் நான்கு எல்லையையும் சுற்றினார்கள். 'பிடி சூழ்தல்' என்று செப்பேடுகள் சொல்வது இதைத்தான். எல்லையில் கல் நட்டார்கள், கள்ளி நட்டார்கள். எல்லாம் முடிந்ததும் 'அறையோலை' எழுதி, நீர் சொன்னபடி செய்தோம் என்று அரசனுக்குத் தெரிவித்தார்கள்.

கடலுக்கு அப்பால் ஸ்ரீவிஜயத்தை ஆண்ட மன்னர் நாகையில் கட்டிய சூடாமணி விகாரத்துக்கு ஆனைமங்கலத்தை ராஜராஜன் கொடுத்த வரலாறு இது. 21 செப்பேடுகளில் பதிவான இந்த ஆவணம் பிற்காலத்தில் நெதர்லாந்தின் லைடன் பல்கலைக்கழகத்துக்குப் போய்ச் சேர்ந்ததால் 'லைடன் செப்பேடு' என்று பெயர் பெற்றது.

அரச கடிதம் என்றால் எழுதிய கையைப் பற்றித்தான் பேசுவோம். ஆனால் மூவாயிரம் ஆண்டுக் கடிதங்களைப் புரட்டினால் வேறொன்று தெரிகிறது. ஒரு கடிதத்தின் தலையெழுத்தை எழுதியவர் பெரும்பாலும் அதைப் பெற்றவரே.

வாய்ச்சொல் ஓலையான விதம்

சோழ அரசன் எழுத்தாணியைக் கையில் எடுக்கவில்லை. அவன் சொன்னான். அந்தச் சொல்லுக்குத் 'திருவாய்க்கேள்வி' என்று பெயர். அதைக் கேட்டு எழுதியவர் 'திருமந்திர ஓலை' என்ற அதிகாரி. எழுதியது சரிதானா என்று பார்த்து ஒப்பமிட்டவர் 'திருமந்திர ஓலை நாயகம்'. பிறகு வரித்துறையான புரவுவரித் திணைக்களத்தார் கணக்குப் புத்தகத்தில் ஏற்றினார்கள். இப்படிப் பல கை மாறி, பல பெயர் ஒப்பமாகச் சேர்ந்த பிறகே திருமுகம் தஞ்சையை விட்டுப் புறப்பட்டது.

இன்றைய தலைமைச் செயலகத்துக் கோப்பை நினைவூட்டுகிறதா? காரணமும் ஒன்றுதான். ஒருவர் மட்டும் எழுதி அனுப்பினால் அவர் எதை வேண்டுமானாலும் எழுதலாம். பத்துப் பேர் பெயர் சேர்ந்தால் பொய் சொல்வது கடினம்.

பொய் ஓலை குறித்த பயம் எவ்வளவு பெரிது என்பதைச் சேக்கிழார் காட்டுகிறார். சுந்தரர் திருமணத்தில் ஒரு கிழவர் வந்து, 'நீ எனக்கு அடிமை, இதோ உன் பாட்டன் எழுதிய ஓலை' என்கிறார். சுந்தரர் பிடுங்கிக் கிழித்துவிடுகிறார். கிழவர் அசரவில்லை. கிழிந்தது படியோலைதான், மூல ஓலை என்னிடம் பத்திரமாக இருக்கிறது என்கிறார். வழக்கு திருவெண்ணெய்நல்லூர்ச் சபைக்குப் போகிறது. அவையோர் பாட்டன் முன்பு எழுதிய வேறோர் ஓலையைக் கொண்டுவரச் செய்து, இரண்டிலும் உள்ள கையெழுத்தை ஒப்பிட்டுப் பார்த்துத் தீர்ப்புச் சொல்கிறார்கள். வந்தவர் சிவபெருமான் என்பது பக்திக் கதை. நகல், மூலம், கையெழுத்து ஒப்பீடு என்ற நடைமுறை 12-ஆம் நூற்றாண்டுத் தமிழர் நன்கறிந்த நீதிமன்ற வழக்கம்.

மண்ணில் பதிந்த கூந்தல்

ஓலையைச் சுருட்டியாயிற்று. வழியில் யாரும் பிரிக்காமல் இருக்க என்ன செய்வது? மண் வைத்து மூடி, அதன்மேல் பொறி குத்துவார்கள். பிரிக்க வேண்டுமானால் மண்ணை உடைத்தாக வேண்டும், உடைத்தால் தெரிந்துவிடும்.

இந்தப் பூட்டை மிக அருகில் வைத்துக் காட்டுவது சிலப்பதிகாரம். மாதவி கோவலனுக்கு இரண்டு கடிதம் எழுதுகிறாள். முதல் கடிதம் தாழம்பூ மடலில், பித்திகை அரும்பை எழுத்தாணியாக்கி, செம்பஞ்சுக் குழம்பில் தோய்த்து எழுதியது. வசந்தமாலை அதைக் கொண்டுபோய்க் கூலக்கடைத் தெருவில் கோவலனிடம் நீட்டுகிறாள். அவன் வாங்க மறுக்கிறான். வாங்கப்படாத கடிதம் கடிதமே இல்லை. வாடிப்போன தாழம்பூ, அவ்வளவுதான்.

இரண்டாவது கடிதம் மதுரைக்கு வெளியே வந்து சேருகிறது. கௌசிகன் என்ற அந்தணன் ஓலையை நீட்டுகிறான். கோவலன் பிரிப்பதற்கு முன்பே யாருடையது என்று அறிந்துவிடுகிறான். மூடிய மண்ணில் மாதவியின் கூந்தல் பதிந்திருக்கிறது. அவள் தலைக்குத் தடவும் நெய்யின் மணம் அதிலிருந்து வருகிறது. இந்தப் பொறியைப் போலியாகச் செய்ய எந்தக் கள்ளனாலும் முடியாது.

பிரித்துப் படிக்கிறான், மனம் மாறுகிறான். பிறகு அவன் செய்வது விசித்திரமானது. இதே ஓலையைக் கொண்டுபோய் என் தாய் தந்தையிடம் காட்டு என்று கௌசிகனிடமே திருப்பிக் கொடுக்கிறான். காதலி கேட்ட மன்னிப்பு, மகன் கேட்கும் மன்னிப்பாக மாறிவிட்டது. ஓரெழுத்தும் மாறவில்லை; பெற்றவர் மாறினார், பொருள் மாறியது.

அதே காப்பியத்தில் செங்குட்டுவன் அவையில் ஒரு விவாதம் நடக்கிறது. இமயத்துக்குப் படையெடுக்கப் போகிறோம், வடநாட்டு மன்னர்களுக்கு வில், கயல், புலி பொறித்த மண்முத்திரையோடு ஓலை அனுப்புங்கள் என்கிறான் வில்லவன் கோதை. அழும்பில்வேள் மறுக்கிறான். ஓலை எதற்கு? அவர்களுடைய ஒற்றர்கள் நம் வஞ்சி வாசலிலேயே நிற்கிறார்கள், ஊருக்குள் பறையறைந்தால் போதும், செய்தி தானாகப் போய்விடும் என்கிறான். அரசன் ஒப்புக்கொள்கிறான். பகைவனின் ஒற்றனையே தபால்காரனாக்கிய யோசனை அது.

களிமண்ணில் ஒரு குடும்பச் சண்டை

1887-இல் எகிப்தின் அமர்னா என்ற இடத்தில் எருவுக்காகப் பழைய மண்ணைத் தோண்டிய ஒரு கிராமத்துப் பெண்ணின் கையில் களிமண் பலகைகள் கிடைத்தன. தொடக்கத்தில் போலி என்று ஒதுக்கியவர்களும் உண்டு. பிறகு தெரிந்தது, அவை கி.மு. 14-ஆம் நூற்றாண்டு அரசர்களின் கடிதங்கள். மொத்தம் சுமார் 380 பலகைகள். எழுத்து ஆப்பெழுத்து, மொழி பெரும்பாலும் அக்காடியம். எகிப்தின் மொழி வேறு, மித்தானியின் மொழி வேறு, சைப்ரஸின் மொழி வேறு. ஆனாலும் கடிதம் என்றால் அக்காடியம்தான். அன்றைய உலகின் ஆங்கிலம் அது.

கடிதங்களின் தொடக்கம் நம்மூர்க் கடிதம்போலவே இருக்கிறது. இங்கு நான் நலம், அங்கு நீ நலமா, உன் மனைவியர் நலமா, பிள்ளைகள் நலமா, குதிரைகள் நலமா, தேர்கள் நலமா என்று விசாரிக்கிறார்கள். ஒருவரையொருவர் 'சகோதரனே' என்று அழைக்கிறார்கள். நலம் விசாரித்த மறுவரியில் சண்டை.

நீ அனுப்பிய 20 மினா தங்கத்தை உலையில் போட்டேன், 5 மினாகூடத் தேறவில்லை என்று பாபிலோன் மன்னன் பர்னபுரியாஷ் எகிப்துக்கு எழுதுகிறான். என் தூதர்களை வெயிலிலேயே நிற்க வைத்துச் சாகடிக்கிறாயா என்று அசீரிய மன்னன் கேட்கிறான். இன்னொரு பாபிலோன் மன்னன் எகிப்து இளவரசியைப் பெண் கேட்கிறான். எகிப்து இளவரசியை யாருக்கும் கொடுக்கும் வழக்கமில்லை என்று பதில் வருகிறது. அப்படியானால் அழகான பெண் யாராவது ஒருத்தியை அனுப்பு, அவள் இளவரசி இல்லை என்று இங்கே யார் சொல்லப்போகிறார்கள் என்று திருப்பி எழுதுகிறான். மாமனார் வீட்டுக் கௌரவம் முக்கியம், பெண் யாராக இருந்தால் என்ன!

எருசலேமின் சிற்றரசன் அப்தி ஹெபாவின் கடிதங்கள் இன்னும் சுவையானவை. பாரோவுக்கு எழுதி முடித்ததும் கடைசியில், கடிதத்தைப் படிக்கப்போகும் எழுத்தருக்குத் தனியாகச் சில வரி சேர்க்கிறான். என் சார்பில் அரசரிடம் நல்ல வார்த்தையாகச் சொல்லுங்கள் என்று கெஞ்சல். மனு கொடுக்கப் போனவர் குமாஸ்தாவைப் பார்த்துக் கும்பிடுவது நேற்று வந்த பழக்கமில்லை என்று தெரிகிறது.

இவர்களில் பாவம் பிப்லோஸ் நகரத்து ரிப் ஹத்தா. எதிரிகள் சூழ்ந்துவிட்டார்கள், படை அனுப்புங்கள், தானியம் அனுப்புங்கள் என்று அறுபதுக்கு மேற்பட்ட கடிதம் எழுதினான். வேறெந்தத் தலைவனையும்விட நீதான் எனக்கு அதிகம் எழுதுகிறாய் என்று சலிப்போடு பாரோ எழுதியதை அவனே ஒரு கடிதத்தில் குறிப்பிடுகிறான். கேட்ட படை வரவில்லை. கடைசியில் சொந்தத் தம்பியே அவனை ஊரைவிட்டுத் துரத்தினான். ஆனால் உதவி செய்யாத அதே எகிப்து, அவன் கடிதங்களை வீசி எறியவில்லை. அலுவலகத்தில் அடுக்கி வைத்தது. 3,300 ஆண்டு கழித்தும் ரிப் ஹத்தாவின் புலம்பல் நமக்குக் கேட்பது அதனால்தான்.

1,150 நாள் பயணம்

பாரசீகப் பேரரசு வேகத்துக்குப் பெயர்போனது. சூசாவிலிருந்து சார்டிஸ் வரை 2,500 கிலோமீட்டர் அரச நெடுஞ்சாலை. வழியெங்கும் குதிரை மாற்றும் நிலையங்கள். ஆனால் அரசனின் சாலையில் போகிற கடிதத்தை அரசனின் ஆட்களே படித்துவிடுவார்கள். சூசாவில் தடுத்து வைக்கப்பட்டிருந்த ஹிஸ்டியேயஸ் என்ற கிரேக்கத் தலைவன் அதற்கு ஒரு வழி கண்டான். நம்பிக்கையான அடிமையின் தலையை மழித்து, மண்டையில் செய்தியைப் பச்சை குத்தி, முடி வளரும்வரை காத்திருந்து அனுப்பினான். மிலேட்டஸில் இருந்த மருமகன் அரிஸ்டகோரஸுக்குச் சொல்ல வேண்டியது ஒன்றுதான், வந்தவன் தலையை மழி. மழித்தான், படித்தான். கி.மு. 499-இல் அயோனியாவில் கலகம் மூண்டது.

சோழர் கடிதம் போன வழி கடல். ராஜராஜன் சீனப் பேரரசருக்குத் தூதர்களை அனுப்பினான். குவாங்சோ துறைமுகம் சேர 1,150 நாள் ஆனது என்கிறது சீனத்துச் சோங் வரலாற்று நூல். மூன்று ஆண்டுக்கும் மேல். பருவக்காற்றுக்காகக் காத்திருந்து, துறை துறையாகத் தங்கி, 1015-இல் தூதர்கள் முத்துகளோடு சீன அரசவையில் நின்றபோது, அனுப்பிய ராஜராஜன் உயிரோடு இல்லை. 1014-இல் அவன் காலம் முடிந்து, ராஜேந்திரன் ஆண்டுகொண்டிருந்தான்.

இந்தப் பயணத்தின் நாள் கணக்கு நமக்குத் தெரிவது, பெற்றவர்கள் எழுதி வைத்ததால். அனுப்பியவர் ஊரில் அந்த ஓலையின் நகல் கிடையாது.

பெற்றவர் பொறுமை இன்னொரு கடிதத்தையும் காப்பாற்றியிருக்கிறது. 1246-இல் மங்கோலியப் பேரரசர் குயுக் கான், போப் நான்காம் இன்னொசென்ட்டுக்குப் பாரசீக மொழியில் பதில் எழுதினார். நீயும் உன் அரசர்களும் நேரில் வந்து பணியுங்கள், இல்லையேல் பகைவர்களாகக் கருதுவோம் என்பது சாரம். அவமானம்தான். ஆனாலும் வத்திக்கான் கிழித்துப் போடவில்லை. செந்நிற முத்திரையோடு அந்தக் கடிதம் அவர்கள் ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது.

பொன்னில் எழுதினாலும்

நம் வீடுகளில் கல்யாணக் கடிதத்தின் நான்கு மூலையிலும் மஞ்சள் தடவுவார்கள். கருமாதிக் கடிதத்துக்குக் கறுப்பு ஓரம். பிரிப்பதற்கு முன்பே விஷயம் தெரிந்துவிடும். அரசர்களும் எழுத்துக்கு முன்னால் பொருளைப் பேச விட்டார்கள். நெருங்கிய காரியத்துக்குப் பூ, நிர்வாகத்துக்கு ஓலை, நிலைக்க வேண்டிய தானத்துக்குச் செம்பு, சமமான அரசனுக்குப் பொன்.

தஞ்சை ரகுநாத நாயக்கர் 1620-இல் டென்மார்க் மன்னர் நான்காம் கிறிஸ்டியனுக்குப் பொன் ஏட்டில் தமிழில் கடிதம் அனுப்பினார். தரங்கம்பாடியில் டேனிஷ்காரர்கள் கோட்டை கட்டிக்கொண்டதும் அந்த உறவில்தான். கோபன்ஹேகனில் தமிழ் படிக்கத் தெரிந்தவர் அன்று எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? ஆனாலும் பத்திரமாக வைத்தார்கள். அந்தப் பொன்னேடு டென்மார்க் ஆவணக் காப்பகத்தில் இன்றும் பெருமைக்குரிய பொருள்.

எல்லாப் பொன்னேட்டுக்கும் அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை. பர்மாவின் அலவுங்பயா மன்னர் 1756 மே 7 அன்று இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஜார்ஜுக்கு ஒரு கடிதம் விடுத்தார். அரை மீட்டருக்குச் சற்று அதிகமான நீளத்தில் தங்கத் தகடு. இரு ஓரத்திலும் சேர்த்து 24 மாணிக்கக் கற்கள். யானைத் தந்தத்தில் குடைந்த குழலுக்குள் வைத்து அனுப்பினார். வணிகத்துக்கு இடம் தருகிறேன், நட்பாக இருப்போம் என்பது செய்தி.

லண்டன் சேர ஏறக்குறைய இரண்டு ஆண்டு பிடித்தது. ஜார்ஜ் மன்னர் பதில் எழுதவில்லை. ஜெர்மனியில் தமக்கு உரிமையான ஹனோவர் நகரத்து நூலகத்துக்கு ஒரு வேடிக்கைப் பொருளாக அனுப்பிவிட்டார். அங்கே யாருக்கும் படிக்கத் தெரியவில்லை. யாரோ இந்திய அரசர் அனுப்பியது என்று தவறாகக் குறித்து வைத்தார்கள். 1768-இல் பார்க்க வந்த டென்மார்க்கின் ஏழாம் கிறிஸ்டியன் கையில் எடுத்தபோது தகடு சேதமடைந்தது. பர்மாவில் இருந்த பிரிட்டிஷ் குடியிருப்பு 1759-இலேயே தாக்கி அழிக்கப்பட்டுவிட்டது. 2006-க்குப் பிறகுதான் ழாக் லைடர் என்ற வரலாற்றாய்வாளர் அந்தக் கடிதத்தை முழுதாகப் படித்துச் சொன்னார். 2015-இல் யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது.

ஆனைமங்கலத்தார் பனையோலையைத் தலையில் வைத்தார்கள். ஜார்ஜ் மன்னர் பொன்னோலையை அலமாரியில் வைத்தார். எழுதிய பொருளின் விலையில் மரியாதை இல்லை.

இடையில் பிரித்தவர்கள்

பெறக் கூடாதவர் பெற்றால் என்ன ஆகும்? ஸ்காட்லாந்து அரசி மேரியைக் கேட்க வேண்டும். இங்கிலாந்தில் சிறையிருந்த மேரி, பீர் பீப்பாயின் அடைப்பில் ஒளித்துச் சங்கேதக் கடிதங்களை அனுப்பினார். பீப்பாய் கொண்டுவந்தவனே எலிசபெத் அரசியின் உளவுத்துறை ஆள். தாமஸ் பெலிப்ஸ் என்ற சங்கேத வல்லுநர் 1586-இல் கடிதங்களைப் பிரித்துப் படித்தார். அதோடு விடவில்லை. மேரியின் கடிதத்தின் அடியில், சதியில் இருக்கும் ஆறு பேரின் பெயர் என்ன என்று கேட்டு, அதே சங்கேதத்தில் போலியாக ஒரு பின்குறிப்பும் சேர்த்தார்.

1587 பிப்ரவரி 8, இரவு இரண்டு மணி. விடிந்தால் தலை போகும். மேரி தன் மைத்துனரான பிரான்ஸ் மன்னர் மூன்றாம் ஹென்றிக்குக் கடைசிக் கடிதம் எழுதினார். என் வேலைக்காரர்களுக்குச் சம்பளம் கொடுத்துவிடுங்கள் என்பது அதில் ஒரு வேண்டுகோள். எழுதி முடித்ததும் அந்தக் காகிதத்திலிருந்தே மெல்லிய நாடாவாக வெட்டி, ஊசித் துளைகளில் நுழைத்துச் சுற்றி, கடிதத்தைக் கடிதத்தாலேயே பூட்டினார். திறக்க வேண்டுமானால் நாடாவை அறுத்துத்தான் ஆக வேண்டும். சாகப்போகும் நேரத்திலும் மாதவியின் மண்பொறியை ஒத்த ஒரு காவல் அவருக்குத் தேவைப்பட்டது.

மேரி முன்பு எழுதிய வேறு 57 சங்கேதக் கடிதங்கள் பாரிஸ் தேசிய நூலகத்தில் யாருடையவை என்றே தெரியாமல் கிடந்தன. 2023-இல்தான் மூன்று ஆர்வலர்கள் அவற்றை உடைத்துப் படித்தார்கள். நானூறு ஆண்டு காத்திருந்து பெறுநர் கிடைத்தார்.

கம்பியில் குத்திய கடிதம்

சோழ அரண்மனையில் எழுதிய ஓலைகளில் ஒன்றுகூட நம் கைக்கு வரவில்லை. பனையோலையின் ஆயுள் சில நூறாண்டுதான். செல்லும் ஈரமும் விடாது. ராஜராஜன் சொன்ன சொல் நமக்குக் கிடைப்பது, அதைப் பெற்றவர்கள் இது முக்கியம் என்று கருதிச் செம்பிலும் கல்லிலும் படியெடுத்து வைத்ததால். எகிப்தின் எழுத்தர், சீனத்தின் வரலாற்றாசிரியர், வத்திக்கானின் காப்பாளர், டென்மார்க்கின் அரண்மனைக்காரர் எல்லோரும் செய்தது அதே வேலை.

அந்த வேலையை நம் வீடுகளும் செய்தன. வளைந்த கம்பி ஒன்று ஆணியில் தொங்கும். வந்த கடிதத்தைப் படித்து முடித்ததும் அதில் குத்தி வைப்பார்கள். சாவுக் கடிதத்தை மட்டும் வாசலிலேயே கிழித்துப் போடுவார்கள். மற்றதெல்லாம் கம்பியில் ஏறும். பர்மாவிலிருந்தும் சிலோனிலிருந்தும் தாத்தா எழுதிய கார்டு, பட்டாளத்து மாமாவின் இன்லேண்ட் லெட்டர், மணியார்டர் தாளின் அடியில் நெருக்கி எழுதிய நாலு வரி. அரண்மனைக்குத் திருமந்திர ஓலை நாயகம் இருந்தார். வீட்டுக்கு அந்தக் கம்பி இருந்தது.

அடுத்த முறை ஊருக்குப் போகும்போது பரணைப் பாருங்கள். துருப்பிடித்த கம்பியோடு ஒரு கட்டு கிடைத்தால் பழைய பேப்பர்காரருக்குப் போடாதீர்கள். கம்பியிலிருந்து மெல்லக் கழற்றி, தேதி வாரியாக அடுக்கி, போட்டோ எடுத்து வையுங்கள். யார் யாருக்கு எழுதியது என்று சொல்லத் தெரிந்த பெரியவர் வீட்டில் இருந்தால், அவர் இருக்கும்போதே கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.